ஒலிம்பியாவின் தண்டச் சிலைகள்

ஒலிம்பிக் என்றவுடன் நமக்கு ஜோதி ஓட்டமும் தங்கப் பதக்கமும் நினைவுக்கு வரும். பழைய கிரேக்கத்தில் இந்த இரண்டுமே கிடையாது. எனக்கு இப்போதெல்லாம் ஒலிம்பிக் என்றால் நினைவுக்கு வருவது ஒலிம்பியாவில் வரிசையாகக் கிடக்கும் பதினாறு கல் பீடங்கள்தான். பணி ஓய்வுக்குப் பிறகு, பாசானியஸ் என்ற கிரேக்கப் பயணி எழுதிய நூலின் ஆங்கில மொழிபெயர்ப்பைப் படித்தேன். கி.பி. 2-ஆம் நூற்றாண்டில் ஊர் ஊராகச் சுற்றி, கண்டதையும் கேட்டதையும் எழுதி வைத்த மனிதர். அந்தப் பீடங்களின் கதை அவர் சொன்னதுதான்.

முதலில் கொஞ்சம் பின்னணி. ஒலிம்பியா ஓர் ஊரல்ல, ஜீயஸ் கடவுளின் புனிதத் தலம். எலிஸ் என்ற நகரத்தார்தான் அதன் நிர்வாகிகள். நான்கு ஆண்டுகளுக்கு ஒருமுறை அங்கே நடந்த திருவிழாவின் ஒரு பகுதியாகத்தான் போட்டிகள் நடந்தன. மரபுக் கணக்குப்படி முதல் போட்டி கி.மு. 776-ல். வென்றவனுக்குக் காட்டு ஆலிவ் இலைகளால் ஆன ஒரு கிரீடம். அவ்வளவுதான் பரிசு. இரண்டாம் இடம், மூன்றாம் இடம் என்ற பேச்சே இல்லை.

வெறும் இலைக்கிரீடத்துக்காக யாராவது ஏமாற்றுவார்களா என்று தோன்றும். ஆனால் வென்றவன் ஊர் திரும்பியதும் கதையே வேறு. ஏதென்ஸில் ஒலிம்பிக் வீரனுக்கு அரசாங்கச் செலவில் ஆயுள் முழுக்கச் சாப்பாடு உண்டு. பணமும் தருவார்கள், சிலையும் வைப்பார்கள். ஆகவே அந்த இலைகளின் விலை அதிகம்.

இது நிர்வாகிகளுக்கும் தெரியும். அதனால் போட்டிக்கு முன்னால் ஒரு சத்தியம் வாங்கினார்கள். ஆலோசனை மண்டபத்தில், இரண்டு கைகளிலும் இடியேந்தி நிற்கும் ஜீயஸ் சிலைக்கு முன்னால், பன்றி இறைச்சித் துண்டுகளின் மேல் சத்தியம் செய்ய வேண்டும். வீரன் மட்டுமல்ல, அவனுடைய அப்பா, அண்ணன் தம்பிகள், பயிற்சியாளர் எல்லோரும் செய்ய வேண்டும். தப்பு எங்கிருந்து தொடங்கும் என்பதை நன்றாகவே தெரிந்து வைத்திருந்திருக்கிறார்கள். சிறுவர்களைத் தரம் பிரிக்கும் அதிகாரிகளும், லஞ்சம் வாங்காமல் நியாயமாக முடிவு சொல்வோம் என்று தனியாகச் சத்தியம் செய்தார்கள்.

சத்தியம் எல்லோரையும் கட்டிப்போடவில்லை. கி.மு. 388-ல் தெசலியைச் சேர்ந்த யூபோலஸ் என்ற குத்துச்சண்டை வீரன், தன்னோடு மோத வந்த மூன்று பேருக்குப் பணம் கொடுத்துத் தோற்கச் செய்தான். அந்த மூவரில் ஒருவன் முந்தைய ஒலிம்பிக்கில் வென்றவன்! விஷயம் வெளியே வந்தது. கொடுத்தவன், வாங்கியவர்கள் என நால்வருக்கும் அபராதம். அந்தப் பணத்தில் ஆறு வெண்கல ஜீயஸ் சிலைகளைச் செய்து வைத்தார்கள். எலிஸ் மக்கள் தங்கள் பேச்சுவழக்கில் அவற்றை 'ஜானெஸ்' என்று அழைத்தார்கள். ஜீயஸ்கள் என்று பொருள். ஒலிம்பியாவில் வெற்றி என்பது காலின் வேகத்தாலும் உடலின் வலிமையாலும் கிடைக்க வேண்டியது, பணத்தால் அல்ல என்ற கருத்தை முதல் பீடத்தில் செதுக்கினார்கள்.

சிலைகளை வைத்த இடம்தான் முக்கியம். ஓட்டப்பந்தயத் திடலுக்குள் நுழையும் வழியில் வரிசையாக நிறுத்தினார்கள். போட்டிக்குப் போகும் வீரர்கள் அவற்றைக் கடந்துதான் போக வேண்டும். வெண்கலம் இன்று இல்லை, பீடங்கள் மட்டும் அதே இடத்தில் இருக்கின்றன.

அடுத்த பெரிய வழக்கு கி.மு. 332-ல். ஐந்து விளையாட்டுகள் சேர்ந்த போட்டியில் ஏதென்ஸின் கலிப்பஸ் எதிராளிகளை விலைக்கு வாங்கினான். அபராதம் விதித்ததும் ஏதென்ஸ் நகரமே அவனுக்குப் பரிந்து வந்தது. அந்தக் காலத்துப் பெரிய வழக்குரைஞர் ஹைபரைடீஸை அனுப்பி, தள்ளுபடி செய்யச் சொல்லிக் கேட்டார்கள். எலிஸ் மசியவில்லை. ஏதென்ஸ் கோபித்துக்கொண்டு போட்டிகளைப் புறக்கணித்தது. கடைசியில், அபராதத்தைக் கட்டும்வரை ஏதென்ஸுக்கு அருள்வாக்கு இல்லை என்று டெல்ஃபி கோயில் கைவிரித்துவிட்டது. வேறு வழியில்லாமல் கட்டினார்கள். மேலும் ஆறு சிலைகள் எழுந்தன. நம் பிள்ளை தப்புச் செய்தால் ஊரே சேர்ந்து மறைப்பது இன்று நேற்று வந்த பழக்கமல்ல.

என்னை அதிகம் யோசிக்க வைத்தது கி.மு. 12-ல் நடந்தது. சிறுவர்களுக்கான மல்யுத்தம். எலிஸைச் சேர்ந்த டமோனிகஸ் என்பவர் தன் மகன் ஜெயிக்க வேண்டும் என்பதற்காக, எதிராளிச் சிறுவனின் தந்தைக்கு லஞ்சம் கொடுத்தார். நடுவர்கள் அபராதம் போட்டது பிள்ளைகளுக்கு அல்ல, இரண்டு தகப்பன்களுக்கும். தப்பின் வேர் யாரிடம் இருந்ததோ அவர்களையே தண்டித்தார்கள். எலிஸ்காரர் ஒருவரே இப்படிச் செய்யத் துணிந்தாரே என்று பாசானியஸ் அங்கலாய்க்கிறார். பந்தயத்தை நடத்தும் ஊர்க்காரரே செய்தால் யாரிடம் போய்ச் சொல்வது?

பயத்துக்காகவும் ஒருவன் அபராதம் கட்டியிருக்கிறான். கி.பி. 25-ல் அலெக்சாண்டிரியாவின் சராபியன், எதிராளிகளை நினைத்து நடுங்கிப் போட்டிக்கு முந்தின நாளே ஓடிவிட்டான். கோழைத்தனத்துக்காகத் தண்டம் கட்டியவன் அவன் ஒருவனே என்று பாசானியஸ் குறிக்கிறார். அந்த வரியைப் படித்தபோது முதலில் சிரித்தேன். பிறகு சிரிப்பு நின்றுவிட்டது. காரணத்தைச் சொல்கிறேன்.

வீரர்களுக்குச் சிலை வைத்தார்கள், சரி. நடுவர்களே தவறினால்? கி.மு. 396-ல், அதாவது முதல் தண்டச் சிலைக்கு எட்டு வருடம் முன்பு, ஓட்டப்பந்தயத்தின் முடிவில் மூன்று நடுவர்கள் நின்றார்கள். எலிஸின் யூபோலிமஸ்தான் முதல் என்றார்கள் இருவர். அம்பிரேசியாவின் லியோன்தான் முதல் என்றார் மூன்றாமவர். நடுவர்கள் அனைவரும் எலிஸ்காரர்கள் என்பதை நினைவில் வையுங்கள். லியோன் விடவில்லை. ஒலிம்பிக் சபையிடம் முறையிட்டு, அந்த இரண்டு நடுவர்களுக்கும் அபராதம் வாங்கிக் கொடுத்தான். ஆனாலும் வெற்றியாளர் பட்டியலில் இன்றுவரை இருப்பது யூபோலிமஸின் பெயர்தான். ஒலிம்பியாவில் அவனுடைய சிலையையும் பாசானியஸ் பார்த்திருக்கிறார்.

கி.மு. 372-ல் நடுவராக இருந்த ட்ராய்லஸ் என்பவரின் குதிரைகளே தேர்ப்பந்தயத்தில் வென்றன. அதன் பிறகுதான், நடுவர்கள் குதிரை விடக்கூடாது என்று விதி வந்தது. கி.பி. 67-ல் ரோமப் பேரரசன் நீரோ பத்துக் குதிரை பூட்டிய தேரில் வந்து, கீழே விழுந்து, பந்தயத்தை முடிக்காமலேயே வென்றதாக அறிவிக்கப்பட்டான். நடுவர்களுக்குப் பெரும் பணம் கிடைத்தது. அவன் செத்த பிறகு, அடுத்து வந்த கால்பா அந்தப் பணத்தைத் திருப்பிக் கேட்டான். அந்த நடுவர்கள் பெயரில் பீடம் எதுவும் இல்லை.

இப்போது என் கதை. நான் கணக்கு வாத்தியாராக இருந்த காலத்தில், விளையாட்டு விழாக்களில் முடிவுக் கோட்டில் நடுவராக நிற்கச் சொல்வார்கள். ஒருமுறை, பதினான்கு வயதுக்குட்பட்டோர் நூறு மீட்டர் இறுதிப் போட்டி. கோட்டில் மூன்று பேர் நின்றோம். இரண்டு பையன்கள் கிட்டத்தட்ட சேர்ந்தே வந்தார்கள். ஆனால் வெறுங்காலோடு ஓடி வந்தவனின் நெஞ்சுதான் முதலில் நாடாவைத் தொட்டது. நான் பார்த்தேன். மற்ற இருவரும் ஷூ போட்டவனைக் கை காட்டினார்கள். அன்றைய கோப்பைகளை வாங்கிக் கொடுத்த பெரியவரின் மகன் அவன். "சார், நீங்க என்ன சொல்றீங்க?" என்று கேட்டார்கள். "எனக்குச் சரியாத் தெரியலை" என்றேன். வெறுங்கால் பையன் என்னைத்தான் பார்த்துக்கொண்டு நின்றான். அவன் ஒன்றும் கேட்கவில்லை.

நான் பணம் வாங்கவில்லை, ஒரு டீ கூட வாங்கிக் குடிக்கவில்லை. அதனால் நான் நேர்மையானவன் என்றே பல வருடம் எண்ணிக்கொண்டிருந்தேன். சராபியனின் கதையைப் படித்த பிறகுதான் என் தப்புக்குச் சரியான பெயர் கிடைத்தது. லஞ்சம் அல்ல, பயம். அவனாவது முந்தின நாளே ஓடிவிட்டான். நான் கோட்டில் நின்றுகொண்டே ஓடினேன்.

லியோனுக்காகப் பேசிய அந்த மூன்றாவது நடுவரின் பெயரைப் பாசானியஸ் குறிப்பிடவில்லை. அவர் சொன்னதால் முடிவு மாறவில்லை. ஆனால் அவர் ஒருவர் சொன்னதால்தான் லியோனுக்கு முறையிடத் துணிவு வந்திருக்கும் என்று நினைக்கிறேன். தன் கண்ணால் பார்த்ததை இன்னொருவரும் பார்த்தார் என்பது எவ்வளவு பெரிய பலம்! அந்தப் பலத்தைத்தான் நான் அந்தப் பையனுக்குக் கொடுக்காமல் விட்டேன்.

அவனுக்கு இப்போது ஐம்பது வயதுக்கு மேல் இருக்கும். எங்கே இருக்கிறானோ தெரியாது. தம்பி, எப்போதாவது இது உன் கண்ணில் பட்டால் தெரிந்துகொள். அன்றைக்கு முதலில் வந்தது நீதான். நான் பார்த்தேன்.