காலி டின்னுக்கு ஒரு சென்ட்

1959 ஜனவரி. அமெரிக்காவின் கொலராடோ மாநிலத்தில் ராக்கி மலையடிவாரத்துச் சிற்றூர் கோல்டன். அங்கே இருந்த கூர்ஸ் பீர் ஆலை புதுச் சரக்கு ஒன்றைக் கடைகளுக்கு அனுப்பியது. பீர் பழையதுதான், அதை அடைத்திருந்த டின்தான் புதிது. ஏழு அவுன்ஸ், அதாவது 200 மில்லிலிட்டருக்குச் சற்று அதிகம் பிடிக்கும் சின்ன டின். அடிப்பாகமும் சுவரும் ஒரே அலுமினியத் துண்டிலிருந்து உருவாக்கப்பட்டவை, மூடி மட்டும் தனி. கூடவே ஓர் அறிவிப்பும் வந்தது: காலி டின்னைத் திருப்பிக் கொடுத்தால் ஒரு சென்ட் கிடைக்கும்.

இன்று உலகம் முழுக்கக் கோடிக்கணக்கில் உருக்கப்பட்டு மறுபடியும் டின்னாகவே பிறக்கும் அந்தப் பொருளின் கதை இங்கேதான் தொடங்குகிறது. டின்னும் அதைத் திரும்ப வாங்கும் ஏற்பாடும் ஒரே நாளில் பிறந்தன என்பதுதான் இதன் சிறப்பு.

அமெரிக்காவில் பீரை டின்னில் அடைக்கும் வழக்கம் 1935-லேயே வந்துவிட்டது. அவை வெள்ளீயம் பூசிய இரும்புத் தகட்டு டின்கள். சுவர், அடி, மூடி என மூன்று துண்டுகள். பக்கவாட்டில் பற்றவைத்த தையல். அதுவரை கண்ணாடி பாட்டில்கள் ஆலைக்குத் திரும்பிப் போய், கழுவி மறுபடியும் நிரப்பப்பட்டு வந்தன. டின் வந்தபின் அந்தப் போக்குவரத்து மெல்ல மெல்ல அறுந்தது. குடித்தவுடன் எறிந்துவிடலாம் என்பதையே ஒரு வசதியாகச் சொல்லி விற்றார்கள். நெடுஞ்சாலை ஓரங்களிலும் ஓடைகளிலும் இரும்பு டின்கள் துருப்பிடித்துக் கிடந்தன. கூர்ஸ் குடும்பத்தின் மூன்றாம் தலைமுறையைச் சேர்ந்தவரும் வேதிப் பொறியியல் படித்தவருமான பில் கூர்ஸை இந்தக் குப்பை உறுத்தியது. பல ஆண்டுகள் பாடுபட்டு அலுமினிய டின்னை உருவாக்கியதற்கு இதுவும் ஒரு காரணம்.

காலி இரும்பு டின்னுக்கு யாரும் காசு கொடுத்ததில்லை. அலுமினிய டின்னுக்கு மட்டும் எப்படிக் கொடுக்க முடிந்தது? அதற்கு அந்த உலோகம் பிறந்த கதைக்குப் போக வேண்டும்.

பூமியின் மேலோட்டில் இரும்பைவிட அதிகமாக இருக்கும் உலோகம் அலுமினியம். ஆனால் தனியாக அநேகமாகக் கிடைக்காது, ஆக்சிஜனை அவ்வளவு இறுக்கமாகப் பிடித்துக்கொண்டிருக்கும். டென்மார்க்கின் ஹான்ஸ் கிறிஸ்டியன் ஓர்ஸ்டெட் 1825-இல்தான் அதை முதன்முதலாகப் பிரித்தெடுத்தார். அதன்பின் அறுபது ஆண்டுகள் அது விலையுயர்ந்த அபூர்வப் பொருளாகவே இருந்தது. 1884-இல் அமெரிக்கத் தலைநகரில் வாஷிங்டன் நினைவுத் தூணின் உச்சியில் மூன்று கிலோவுக்குச் சற்றுக் குறைந்த ஒரு சிறு அலுமினியப் பிரமிடைப் பொருத்தினார்கள். அன்று அதன் விலை கிட்டத்தட்ட வெள்ளியின் விலை.

இரண்டே ஆண்டுகளில் நிலைமை தலைகீழானது. 1886 பிப்ரவரியில் ஒஹையோ மாநிலத்தின் ஓபர்லின் ஊரில் சார்லஸ் மார்ட்டின் ஹால், தம் வீட்டுக் கொட்டகையில் அக்கா ஜூலியாவின் துணையோடு நடத்திய சோதனையில் அலுமினிய மணிகளை எடுத்துக் காட்டினார். அதே ஆண்டு பிரான்சில் பால் எரூ என்ற இளைஞரும் இதே வழியைக் கண்டுபிடித்தார். ஒருவரை ஒருவர் அறியாத இருவரும் 1863-இல் பிறந்து 1914-இல் இறந்தவர்கள். கிரையோலைட் என்ற கனிமத்தை உருக்கி, அதில் அலுமினா தூளைக் கரைத்து, அதனூடே மின்சாரம் பாய்ச்சுவது அவர்கள் கண்ட வழி. தனியாக உருக 2,000 டிகிரிக்கு மேல் வெப்பம் கேட்கும் அலுமினா, உருகிய கிரையோலைட்டில் 960 டிகிரி வாக்கிலேயே கரைந்துவிடும். பின்னர் ஆஸ்திரிய வேதியியலர் கார்ல் யோசப் பேயர், பாக்சைட் மண்ணிலிருந்து அலுமினாவைப் பிரிக்கும் முறையை வகுத்தார். உலகம் இன்றுவரை பெரும்பாலும் இந்த இரண்டு வழிகளில்தான் அலுமினியம் எடுக்கிறது.

விலை சரிந்தது. ஆனால் ஆக்சிஜனின் பிடியை விடுவிக்க ஆகும் செலவு மறையவில்லை, அது மின்சாரக் கணக்கில் ஏறியது. ஒரு கிலோ அலுமினியம் எடுக்க உலையில் மட்டும் சுமார் 14 யூனிட் மின்சாரம் செலவாகிறது. தமிழ்நாட்டு வீடுகளுக்கு இரண்டு மாதத்துக்கு இலவசமாகக் கிடைக்கும் 100 யூனிட்டை வைத்து ஏழு கிலோதான் எடுக்கலாம். உலையில் கரித் துண்டுகளும் எரிந்து தீர்கின்றன. நிலக்கரி மின்சாரத்தில் நடக்கும் ஆலையில் ஒரு டன் அலுமினியம் பிறக்கும்போது 15 டன்னுக்கும் மேல் கரியமில வாயு காற்றில் கலக்கிறது.

மண்ணின் கணக்கு தனி. ஒரு டன் அலுமினியத்துக்கு நான்கு டன், சில இடங்களில் ஐந்து டன் பாக்சைட் வெட்ட வேண்டும். அதில் அலுமினா போக மிஞ்சுவது காரம் மிகுந்த செஞ்சேறு. 2010 அக்டோபர் 4 அன்று ஹங்கேரியின் அய்கா ஊருக்கு அருகே செஞ்சேற்றுத் தேக்கம் ஒன்று உடைந்து, கிராமங்களுக்குள் பாய்ந்து பத்துப் பேரைக் கொன்றது. ஒடிசாவின் நியமகிரியில் பாக்சைட் வெட்டக் கூடாது என்று டோங்கிரியா கோந்த் பழங்குடியினர் ஆண்டுக்கணக்கில் போராடினார்கள். முடிவைக் கிராம சபைகளே எடுக்கட்டும் என்று 2013-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. கூடிய பன்னிரண்டு கிராம சபைகளும் சுரங்கத்தை மறுத்தன. நமக்கும் இது தூரத்துக் கதை அல்ல. மேட்டூரில் இருந்த அலுமினிய ஆலைக்காகக் கொல்லிமலையிலும் ஏற்காட்டிலும் மலை உச்சிகளை வெட்டியிருக்கிறோம்.

இவ்வளவும் செலவழித்து வாங்கிய உலோகத்தை மறுபடி உருக்க என்ன ஆகும்? 660 டிகிரி வெப்பம் போதும். ஆக்சிஜனிடமிருந்து பிரிக்கும் வேலை ஏற்கெனவே முடிந்துவிட்டது, மீதி உருக்குவது மட்டுந்தான். சுரங்கத்திலிருந்து தொடங்கினால் ஆகும் ஆற்றலில் ஏறத்தாழ 5 விழுக்காடு. பாக்சைட் வேண்டாம், செஞ்சேறு இல்லை, ஒரு டன்னுக்கு வெளியேறும் கரியமில வாயுவும் ஒரு டன்னுக்குக் கீழே இறங்கிவிடுகிறது. எத்தனை முறை உருக்கினாலும் உலோகம் தன் குணத்தை இழப்பதில்லை. இந்தப் பொருளில் சூழலுக்கு நல்லதும் கல்லாவுக்கு நல்லதும் ஒரே கணக்கில் வந்து விழுகின்றன. கூர்ஸ் கொடுத்த ஒரு சென்ட் இந்தக் கணக்கிலிருந்து வந்ததுதான்.

ஆனால் டின் வளர்ந்த வேகத்துக்குத் திரும்ப வாங்கும் ஏற்பாடு ஈடுகொடுக்கவில்லை. 1960களின் தொடக்கத்தில் எர்மால் ஃப்ரேஸ் என்ற ஒஹையோக்காரரின் கண்டுபிடிப்பான, வளையத்தை இழுத்துத் திறக்கும் மூடி கடைக்கு வந்தது. திறப்பான் தேவையில்லாமல் போனதும் விற்பனை பெருகியது. 1960களிலேயே பெரிய குளிர்பான நிறுவனங்களும் அலுமினியத்துக்கு மாறின. பிய்த்தெறிந்த வளையங்கள் கடற்கரை மணலில் புதைந்து காலைக் கிழித்தன. டின்களும் பழைய இரும்பு டின்களைப் போலவே சாலையோரம் சேர்ந்தன, இவை துருப்பிடித்து மறைந்துபோகவும் மாட்டா. ரெனால்ட்ஸ் மெட்டல்ஸ் நிறுவனம் 1960களின் பிற்பகுதியில் காலி டின்களை மக்களிடம் காசு கொடுத்து வாங்கும் நிலையங்களைத் திறந்தது. 1970 ஏப்ரல் 22 அன்று முதல் பூமி தினம் வந்தது. அடுத்த ஆண்டே ஒரிகன் மாநிலம் சட்டம் இயற்றியது: பீர், குளிர்பானம் விற்கும்போது பாட்டிலுக்கும் டின்னுக்கும் ஐந்து சென்ட் முன்பணம், காலியைத் திருப்பிக் கொடுத்தால் பணமும் திரும்பும், பிய்த்தெறியும் வளையத்துக்குத் தடை. 1972-இல் அது நடைமுறைக்கு வந்தது. 1970களின் நடுவிலிருந்து, டின்னோடே ஒட்டி நிற்கும் இன்றைய திறப்பு பரவியது.

அந்தப் பத்தாண்டில் எண்ணெய் நெருக்கடியால் மின்சாரம் விலையேற, பழைய டின்னின் மதிப்பும் ஏறியது. டின்னைச் சேர்ப்பவர்கள், நசுக்கிக் கட்டுபவர்கள், உருக்குபவர்கள் என்று ஒரு தொழிலே உருவானது. இன்று அது நடக்கும் முறை இதுதான். நசுக்கிய டின்களைத் துண்டுதுண்டாக்கிக் காந்தத்தால் இரும்பைப் பிரித்தெடுக்கிறார்கள். சூடான காற்றில் வைத்துப் பெயின்ட்டையும் உட்பூச்சையும் எரித்து நீக்குகிறார்கள். பின்பு உருக்குகிறார்கள். டின்னின் உடம்பில் மாங்கனீசு கொஞ்சம் கலந்த அலுமினியமும் மூடியில் மக்னீசியம் அதிகம் கலந்த அலுமினியமும் இருப்பதால், உருகியதும் கலவையைச் சரிபார்த்துத் திருத்த வேண்டும். அடுத்துப் பெரிய பாளமாக வார்த்து, மெல்லிய தகடாக உருட்டி, மறுபடியும் டின்னாக இழுக்கிறார்கள். ஒரு டின் குப்பைக்கூடையிலிருந்து புதிய டின்னாகக் கடைக்குத் திரும்ப இரண்டே மாதம் போதும். உலகிலேயே மிக அதிகமாக அலுமினியத்தை மறுசுழற்சி செய்யும் நோவலிஸ் நிறுவனம் 2007 முதல் இந்தியாவின் ஹிண்டால்கோ வசம் இருக்கிறது.

இந்தியாவில் அலுமினியம் பான டின்னாக வரும் முன் பாத்திரமாக வந்தது. 1890களின் இறுதியில், சென்னைக் கலைத்தொழில் பள்ளியில் ஆல்ஃபிரெட் சாட்டர்டன் அலுமினியத் தகட்டில் பாத்திரம் அடிக்கும் வேலையைத் தொடங்கிவைத்தார். பித்தளை, செம்பு வாங்க முடியாத வீடுகளுக்குள் அந்தப் பாத்திரங்கள் நுழைந்தன. தூக்கும் தேக்சாவும் இட்லிப் பானையும் ஓட்டை விழுந்தபோது யாரும் அவற்றைக் குப்பையில் போடவில்லை, எடைக்குப் போட்டார்கள். "பழைய ஈயம் பித்தளைக்குப் பேரீச்சம்பழம்" என்று தெருவில் கூவி வந்தவரிடம் கொடுத்துவிட்டுக் குழந்தைகள் கை நிறையப் பழம் வாங்கித் தின்றார்கள். சட்டமோ முன்பணமோ இல்லாமல், பொருளுக்கு விலை உண்டு என்ற ஒரே காரணத்தால் நடந்த மறுசுழற்சி அது. இன்றும் காயலான் கடையில் அலுமினியத்துக்கு இரும்பைவிடப் பல மடங்கு விலை. அங்கிருந்து போகும் பழைய அலுமினியம் உருகி, நாம் ஓட்டும் இருசக்கர வண்டிகளின் எஞ்சின் உறையாகவும் கார் உதிரிபாகங்களாகவும் மாறுகிறது.

பன்னாட்டு அலுமினியக் கழகத்தின் கணக்குப்படி, இதுவரை உலகம் எடுத்த அலுமினியத்தில் ஏறத்தாழ முக்கால் பங்கு இன்னும் ஏதோ ஒரு வடிவில் பயன்பாட்டில் இருக்கிறது. பிரேசிலில் விற்கும் டின்களில் கிட்டத்தட்ட எல்லாமே திரும்பி வந்துவிடுகின்றன. அதற்குப் பின்னால் கத்தடோர் என்று அழைக்கப்படும், தெருவில் பொறுக்கிப் பிழைக்கும் லட்சக்கணக்கானவர்களின் உழைப்பு இருக்கிறது. ஜெர்மனியில் 2003 முதல் டின்னுக்கு 25 சென்ட் முன்பணம், அங்கும் டின் தெருவில் தங்குவதில்லை. டின் பிறந்த அமெரிக்காவிலோ இப்போது பாதிக்கும் குறைவாகவே திரும்பி வருகிறது. பல மாநிலங்களில் முன்பணச் சட்டம் இல்லை. உலோகத்தின் விலை மட்டும் வசதியுள்ளவரைக் குனிந்து எடுக்க வைக்காது.

எனவே, மறுசுழற்சியைத் தொழில்நுட்பத்தின் வெற்றி என்று மட்டும் சொல்லிவிட முடியாது. உருக்கும் வித்தை அன்றும் இருந்தது, இன்றும் இருக்கிறது. காலி டின்னை உலை வரை கொண்டுசேர்ப்பது அதற்குக் கிடைக்கும் காசும் அதைச் சுமக்கும் மனிதரும்தான். கையுறைகூட இல்லாமல் குப்பைமேட்டில் டின்னைப் பிரித்தெடுப்பவர் நாட்டின் மின்சாரத்தை மிச்சப்படுத்துகிறார். அந்த மிச்சத்தில் அவருக்கு வந்து சேர்வது மிகச் சிறிது.

வீட்டில் நாம் செய்யக்கூடியது எளிது. டின்னையும் பழைய பாத்திரத்தையும் உணவுக் கழிவோடு கலக்காமல் தனியே வைத்து எடைக்குப் போடலாம். பிளாஸ்டிக்கோடு ஒட்டிய மாத்திரை அட்டையையும் மினுமினுக்கும் தின்பண்ட உறையையும் காயலான் கடைக்காரர் வாங்க மாட்டார், பிரிக்க முடியாதபடி ஒட்டிய அலுமினியம் போனது போனதுதான். அவற்றை வாங்குவதைக் குறைக்கலாம்.

அரசு செய்யக்கூடியது பெரிது. 2022-இல் நீலகிரியில் மதுபான பாட்டிலுக்குப் பத்து ரூபாய் முன்பணம் வைத்தபோது, காட்டோரம் உடைந்து கிடந்த பாட்டில்கள் கடைக்குத் திரும்பத் தொடங்கின. குளிர்பான டின்னுக்கும் அதே ஏற்பாடு வேண்டும். பொறுக்குபவருக்கு அடையாள அட்டையும் பாதுகாப்புக் கருவியும் நியாயமான விலையும் அதே சட்டத்தில் எழுதப்பட வேண்டும். அப்படிச் செய்தால் ஒரு மலை உச்சி தப்பும், ஒரு குடும்பத்துக்குச் சோறு கிடைக்கும். இரண்டுக்கும் வேண்டிய உலோகம் ஏற்கெனவே நம் கையில் இருக்கிறது.