ஆழித்தேரும் ஒரு சிறுவனும்

சிவமயம்

1961ஆம் ஆண்டுப் பங்குனித் திங்கள். அடியேனுக்கு அப்போது வயது பத்து. பாட்டனார் என் கைப்பற்றி மாயூரத்தில் புகைவண்டி ஏற்றித் திருவாரூருக்கு அழைத்துச் சென்றார். பேரளம், பூந்தோட்டம், நன்னிலம் என்று ஊர்கள் கடந்து செல்ல, வழியெல்லாம் அவர் உரைத்தது ஆழித்தேரின் பெருமையே. அப்பரடிகள் தேவாரத்தில் இடம்பெற்ற தேர் அது. ஒருகாலத்தில் தீக்கிரையாயிற்று. பின்னர்ப் புதிதாகச் செய்யப்பெற்று 1930இல் ஓடிற்று. அன்று வடம் பிடித்தோருள் பாட்டனாரும் ஒருவர்.

கமலாலயத்தில் நீராடிக் கீழவீதியை அடைந்தோம். மலைபோல் தேர் நின்றது, வடத்தைக் காணோம். 1948க்குப் பின் அது ஓடவில்லை என்பதை அப்போதுதான் அறிந்தேன்.

"ஓடாத தேரைக் காணவா தாத்தா, இவ்வளவு தொலைவு வந்தோம்?" என்று அழுதேன்.

பாட்டனார் சினந்திலர். சக்கரத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டு, "பெருமான் எழுந்தருளக் காத்திருக்கிறார், தம்பி. கைகள்தாம் ஒன்று கூடவேண்டும். எனக்கு வாய்த்தது உனக்கும் வாய்க்கும்" என்றார். பின்னர்த் தேவாசிரிய மண்டபத்தில் என்னை அமர்த்தி, அங்குக் குழுமிய அடியார்களைக் கண்டு சுந்தரர் திருத்தொண்டத்தொகை அருளிய வரலாற்றைச் சொன்னார். அவ்வரலாறே பிற்காலத்தில் என்னைத் திருமடத்துப் பாடசாலைக்குச் செலுத்தியது. ஆயினும் அன்று ஊர் திரும்பும்வரை அவரோடு நான் பேசவில்லை. அப்பிழை இன்றும் நெஞ்சை அறுக்கின்றது.

1967இல் பாட்டனார் சிவனடி சேர்ந்தார். 1970இல் தேர் மீண்டும் ஓடிற்று. மாணவனாயிருந்த அடியேன் ஓடிச்சென்று வடம் பிடித்தேன். முதலில் தேர் அசையவில்லை. "ஆரூரா! தியாகேசா!" என்னும் முழக்கம் எழுந்தது, ஆயிரம் கைகள் ஒரு கையாயின, தேர் நகர்ந்தது. பாட்டனார் சொல்லின் பொருள் அப்போதுதான் விளங்கிற்று.

மெய்யன்பர்களே! நம் திருக்கோயிற் குடமுழுக்கும் அத்தகையதே. பொருள் ஈந்தோரும் கல் சுமந்தோரும் பிடித்தது ஒரே வடம். இத்திருப்பணியைத் தொடங்கியவருள் சிலர் இன்று நம்மிடையே இலர். அவர்கள் விட்ட இடத்தில் நாம் பற்றினோம். நமக்குப்பின் பற்றுவதற்கு நம் பேரப்பிள்ளைகளைக் கைப்பிடித்து இச்சந்நிதிக்கு அழைத்து வருவோமாக. அவர்கள் அழுதாலும் அழைத்து வருவோமாக.

திருச்சிற்றம்பலம்