ராஜிநாமா: ஒரு சொல்லும் ஒரு சட்டப்பிரிவும்

போபோடியில் மராத்தியரும் தமிழரும் 'ராஜிநாமா' என்றால் பதவி விலகலையே நினைப்பர். பாரசீக மூலத்தில் அது இசைவு முறி. இந்தியில் இன்றும் சமரசப் பத்திரம். மணவழக்குகளில் அம்மூலப்பொருளே உயிர்பெறுகிறது.

1983இல் சேர்க்கப்பட்ட 498ஏ (இன்றைய நியாய சன்ஹிதாவில் 85), தரப்பினர் தாமே சமரசத்தில் முடித்துக்கொள்ளத்தக்க குற்றமன்று. புகாரளித்த மனைவியே இசைந்தாலும் புணே நடுவர் நீதிமன்றம் வழக்கை முடித்துவைக்க இயலாது. 2003இல் பி.எஸ். ஜோஷி வழக்கில் உச்ச நீதிமன்றம், உயர் நீதிமன்றம் தன் உள்ளார்ந்த அதிகாரத்தால் அதனை நீக்கலாம் என்றது. 2012இல் கியான் சிங் தீர்ப்பு அவ்வழியை உறுதிசெய்தது. எனவே போபோடிக்காரர் மும்பை ஏகவேண்டும்.

ஆந்திரமோ 2003இலேயே சட்டத்தைத் திருத்தி, விசாரணை நீதிமன்றமே சமரசத்தை ஏற்கலாம் என்றது. 2022இல் மும்பை உயர் நீதிமன்றமும் அத்தகைய திருத்தத்தை மத்திய அரசிடம் வலியுறுத்தியது. செலவு குறையும், மெய்தான். ஆயினும் என் கண் நிற்பது ஆந்திரத் திருத்தத்தின் மூன்று மாதக் காத்திருப்பில்: அச்சத்தில் கையெழுத்திட்டவள் அதற்குள் தன் இசைவைத் திரும்பப்பெறலாம்.