சின்னத்தம்பி இராசரத்தினமும் சிங்கப்பூரின் அயலுறவும்

சிங்கப்பூரின் முதல் அயலுறவு அமைச்சரான சின்னத்தம்பி இராசரத்தினம் 1915இல் யாழ்ப்பாணத்தில் பிறந்து, மலாயாவின் சிரம்பானில் வளர்ந்தவர். இலண்டனில் சட்டம் பயிலச் சென்ற அவர், பட்டம் பெறாமலே எழுத்தாளராகத் திரும்பி, இதழியல் துறையில் பணியாற்றினார். 1954இல் மக்கள் செயல் கட்சியை நிறுவியோருள் ஒருவரான அவர், 1959இல் பண்பாட்டு அமைச்சரானார்.

1965 ஆகஸ்டு 9இல் மலேசியாவினின்று பிரிந்த சிங்கப்பூருக்குப் படைவலிமையும் இல்லை; இயற்கை வளமும் இல்லை. உலக நாடுகளின் ஏற்பே அத்தீவுக்கு அரணாக அமைய வேண்டியிருந்தது. அவ்வாண்டு செப்டம்பர் 21இல் சிங்கப்பூர் ஐக்கிய நாடுகள் அவையில் இடம்பெற்றது. 1966 வரை பகை பாராட்டிய இந்தோனேசியா உள்ளிட்ட அண்டை நாடுகளுடன் இணைந்து, 1967 ஆகஸ்டு 8இல் பாங்காக்கில் ஆசியான் அமைப்பைத் தோற்றுவித்த அறிவிக்கையில் இராசரத்தினம் கையொப்பமிட்டார்.

1964இல் சிங்கப்பூர் இனக்கலவரங்களைக் கண்டது. 1966இல் அவர் வரைந்த தேசிய உறுதிமொழி, இனம், மொழி, சமயம் கடந்த ஒருமையை வலியுறுத்தியமைக்கு இப்பின்னணி கருதத்தக்கது. 1980 வரை அயலுறவுத் துறையை நடத்திய அவர், 1988இல் அரசியலினின்று விலகி, 2006இல் மறைந்தார்.

தமிழராய்ப் பிறந்தும் தம்மை ஓரினத்தின் சார்பாளராக அவர் முன்னிறுத்தவில்லை. அவரைத் ‘தமிழர் பெருமை’ என்னும் அடைமொழிக்குள் மட்டும் அடக்குவது, அவர் ஏற்க மறுத்த அளவுகோலாலேயே அவரை அளப்பதாகும். அயலகத் தமிழர் வரலாறு எழுதுவோர் இதனை மனங்கொள்ளுதல் வேண்டும்.