பழம்படச்சுருளும் வரலாற்றுச் சான்றும்

விவரணத் திரைப்படங்களிற் பழைய படச்சுருள்கள் இடம்பெறும்போது அவற்றை ஐயத்துக்கிடமற்ற சான்றுகளாக ஏற்பது பொதுவழக்கமாகும். கல்வெட்டொன்றை ஆராயும்போது, அதனைப் பொறிப்பித்தோர் யாவர், அவர்தம் நலன் யாது என வினவும் நாம், படச்சுருளிடம் அவ்வினாவை எழுப்பத் தவறிவிடுகிறோம். இரண்டு எடுத்துக்காட்டுகளை ஈண்டு நோக்கலாம்.

சோவியத் நெறியாளரான எஸ்பிர் ஷுப் அம்மையார் 1927இல் 'ரொமானோவ் வம்சத்தின் வீழ்ச்சி' என்னும் படத்தை உருவாக்கினார். ஏறத்தாழ 60,000 மீற்றர் படச்சுருளை ஆராய்ந்தே அவர் வேண்டிய காட்சிகளைத் தெரிந்தெடுத்தார். அவற்றுட் பல சார் மன்னனின் அரண்மனைக்கென எடுக்கப்பட்டவை. கப்பற்றளத்தில் வியர்க்க வியர்க்க நடனமாடும் மேன்மக்களையும், மண்வெட்டி வியர்வை சிந்தும் உழைப்பாளரையும் அவர் அடுத்தடுத்து வைத்தார். மன்னராட்சியின் பெருமைக்கென எடுக்கப்பட்டவை அதன்மீதான குற்றப்பத்திரிகையாயின. எனினும், இவ்விரு காட்சிகளையும் இணைக்கும் தொடர்பு சுருளில் இருந்ததன்று. அது நெறியாளரின் வரலாற்று விளக்கமாகும். அதனை அவர் மறைக்கவில்லை என்பது கவனிக்கத்தக்கது.

மற்றையது கொடியது. 1942 மே மாதத்தில் நாசிப் படப்பிடிப்பாளர், யூதர் அடைக்கப்பட்டிருந்த வார்சோ கெற்றோவிற் படமெடுத்தனர். பட்டினியாற் சாவோரைப் பொருட்படுத்தாது செல்வ யூதர் உண்டு களிப்பதாக அது காட்டிற்று. நிறைவுறாத அச்சுருள் போருக்குப் பின் கிழக்கு ஜேர்மனியச் சுவடிக்கூடத்தில் அகப்பட்டது. அதன் பகுதிகள் மெய்ச்சான்றாகவே பல படங்களிற் பயன்பட்டன. 1998இற் கண்டெடுக்கப்பட்ட எஞ்சிய சுருளோ, செல்வச் செழிப்புக் காட்சிகள் கட்டளைப்படி மீண்டும் மீண்டும் நடிப்பிக்கப்பட்டதை வெளிப்படுத்திற்று. யாயெல் ஹெர்சொன்ஸ்கி 2010இல் வெளியிட்ட 'முற்றுப்பெறாத திரைப்படம்' இவ்வுண்மையை ஆராய்கிறது. படப்பிடிப்பு நிகழ்ந்த இரு மாதங்களுள், 1942 யூலை 22ஆந் திகதி, திரெப்ளிங்கா கொலைமுகாமுக்கு மக்களைக் கொண்டுசெல்லல் தொடங்கியது.

இச்சுருளை முற்றாகத் தள்ளிவிடலாமா? விருந்து நடிப்பிக்கப்பட்டது, தெருவோரத்துப் பசி நடிப்பன்று. கமராவை ஏறிட்டு நோக்கிய முகங்கள் பலவற்றுக்கு எஞ்சியுள்ள பதிவு, அவர்களை அழித்தோர் எடுத்த படமே. ஒடுக்கப்பட்டோர் வரலாறு ஒடுக்கியோர் ஆவணங்களிலேயே பெரிதும் தங்கியிருப்பது வரலாற்று மாணவர் நன்கறிந்ததாகும்.

ஆதலின், யார், எப்பொழுது, எந்நோக்கத்துக்காக எடுத்தனர் என்பதை உரைப்பது விவரணப்பட நெறியாளரின் கடனாகும். அதனை உரைக்காதவிடத்து, எடுத்தவனின் நோக்கே பார்ப்பவனின் நோக்காகிவிடும்.