50,000 அடி ஃபிலிம்... 12,000 அடி படம்! காந்தியை ஆவணப்படமாக்கிய ஏ.கே.செட்டியார் யார்?

ஆவணப்பட எடிட்டரின் வேலை என்ன? மலைபோல் குவிந்த காட்சிகளில் எதை வைப்பது, எதை விடுவது என்று முடிவெடுப்பது. கம்ப்யூட்டர் இல்லாத காலத்தில் அந்த வேலையில் இறங்கியவர் ஒரு தமிழர்.

யார் இந்த ஏ.கே.செட்டியார்?

காரைக்குடி அருகே கோட்டையூரில் 1911-ல் பிறந்தவர். 'உலகம் சுற்றிய தமிழன்' என்று பெயர் வாங்கியவர். ஜப்பானிலும் அமெரிக்காவிலும் புகைப்படக் கலை படித்தார். 1937 அக்டோபர் 2, காந்தியின் பிறந்தநாள். நியூயார்க்கிலிருந்து டப்ளின் போகும் கப்பலில் இருந்தபோது, காந்தியைப் பற்றி ஆவணப்படம் எடுக்கும் யோசனை வந்தது. அப்போது வயது 25.

காட்சிகள் எங்கிருந்து கிடைத்தன?

தண்டி யாத்திரையை மறுபடி எடுக்க முடியாது இல்லையா? ஏற்கெனவே எடுத்தவர்களைத் தேடித்தான் போகணும். இரண்டரை ஆண்டுகள், சுமார் ஒரு லட்சம் மைல் பயணம். 30 ஆண்டுகளில் சுமார் 100 கேமராமேன்கள் எடுத்த 50,000 அடி ஃபிலிம் சேர்ந்தது.

எடிட்டிங்கில் என்ன சவால்?

35 மி.மீ. பேசும்படத்தில் ஒரு நிமிடத்துக்கு 90 அடி ஓடும். அந்தக் கணக்குப்படி 50,000 அடி என்றால் 9 மணி நேரத்துக்கும் மேல். வெளியான படமோ 12,000 அடி, சுமார் 2 மணி 13 நிமிடம். நாலில் மூன்று பங்கு வெளியே போய்விட்டது!

இன்னொரு சிக்கலும் உண்டு. மௌனப்பட காலத்தில் குறைந்த வேகத்தில் எடுத்த காட்சியைப் பேசும்பட வேகத்தில் ஓட்டினால், ஆட்கள் நடப்பது ஓடுவதுபோல் தெரியும். ஆளுக்கொரு கேமராவில் எடுத்த துண்டுகளை ஒரே கதையாகக் கோப்பதும் லேசான வேலை இல்லை.

படம் என்ன ஆனது?

1940 ஆகஸ்ட் 23-ல் தமிழில் வெளியானது. தெலுங்கு, இந்திப் பதிப்புகளும் வந்தன. 1953-ல் அமெரிக்காவில் ஆங்கிலப் பதிப்பு வெளியானது. வரலாற்றாசிரியர் ஆ.இரா.வேங்கடாசலபதியின் தேடலில், அமெரிக்கப் பல்கலைக்கழகங்களில் கிடைத்தது அந்த ஆங்கிலப் பதிப்பின் சுருங்கிய வடிவம்தான். தமிழ் மூலம் கிடைக்கவில்லை. அதாவது, 1940-ல் தமிழர்கள் தியேட்டரில் பார்த்த அந்தத் தொகுப்பை இன்று நாம் பார்க்க முடியாது.

'குமரி மலர்' இதழை 1943 முதல் நடத்திய செட்டியார், 1983-ல் காலமானார். படம் எடுத்த அனுபவத்தை அவர் எழுதியது, 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்ற நூலாக வந்திருக்கிறது.

இன்று எடிட்டிங் படிக்க நினைப்பவர்களுக்கு?

சென்னை தரமணியில் உள்ள எம்.ஜி.ஆர். திரைப்படப் பயிற்சி நிறுவனத்திலும், புனே திரைப்படக் கல்லூரியிலும் படத்தொகுப்புப் படிப்பு இருக்கிறது. ஆனால் எடிட் முடிந்ததும் ஒரிஜினல் ஃபுட்டேஜை அழித்துவிடாமல், இரண்டு மூன்று இடங்களில் காப்பி எடுத்து வைப்பதும் இந்தத் தொழிலின் ஒரு பகுதிதான்.

உங்கள் வீட்டுப் பரணில் பழைய ஃபிலிம் சுருள் இருக்கிறதா? எடைக்குப் போட்டுவிடாதீர்கள். அந்தக் கால நைட்ரேட் ஃபிலிம் சட்டென்று தீப்பிடிக்கும் என்பதால், நீங்களே ஓட்டிப் பார்க்கவும் வேண்டாம். புனேயில் 1964 முதல் இயங்கும் தேசியத் திரைப்படக் காப்பகத்துக்குத் தகவல் சொல்லலாம்.