ராமேசுவரம் ரயில்

2025 ஏப்ரலில் பாம்பனில் புதிய பாலத்தைத் திறந்த அன்றே தாம்பரத்துக்கும் ராமேசுவரத்துக்கும் ஒரு புதிய ரயிலும் விட்டார்கள். எங்கள் ஊரிலிருந்து அந்த ரயில் புறப்படும்போது எனக்கு ராமநாதஸ்வாமி ஞாபகம் வருவதில்லை. தவமணி தேவி ஞாபகம்தான் வருகிறது.

யார் அது என்பீர்கள். கேட்பது நியாயந்தான்.

1914-ல் பழைய பாலம் வந்த பிறகு, தலைமன்னாரில் கப்பலேறித் தனுஷ்கோடியில் இறங்கி, போட் மெயிலைப் பிடித்தால், தாம்பரத்தைத் தாண்டி எழும்பூருக்கு வந்துவிடலாம். 1964 டிசம்பர்ப் புயல் தனுஷ்கோடியை அழிக்கும்வரை அதுதான் வழி. யாழ்ப்பாணத்துக்காரர்கள் படிப்புக்கும் வியாபாரத்துக்கும் வந்தார்கள். கே. தவமணி தேவி சினிமாவுக்கு வந்தார். சேலம் மாடர்ன் தியேட்டர்ஸாரின் முதல் படமான 'சதி அகல்யா'வில், 1937-ல், அவர்தான் அகல்யை. விளம்பரக்காரர்கள் அவரைச் 'சிங்களத்துக் குயில்' ஆக்கினார்கள். யாழ்ப்பாணத் தமிழ்ப் பெண் எப்படிச் சிங்களத்துக் குயிலாவாள் என்று யாரும் கேட்டதாகத் தெரியவில்லை.

1940-ல் 'சகுந்தலை'யில் மேனகையாக வந்தார். மறு வருஷம் 'வனமோகினி'. ஹாலிவுட்டில் டோரதி லாமூர் காட்டுப் பெண்ணாக நடித்துப் பேர் வாங்கியிருந்தார். அந்த ஜாடையில் இங்கே தவமணி தேவி. எம்.கே. ராதா கதாநாயகன். சந்துரு என்ற யானைக்கும் நல்ல வேஷம். காடு, யானை, இவருடைய பாட்டு எல்லாம் இருந்தும் ஜனங்கள் பேசியது இவருடைய உடையைப் பற்றித்தான். புராணப் படங்களில் ராஜாக்கள் வெறும் மார்பில் நகை பூட்டிக்கொண்டு வந்தபோது யாரும் கண்ணை மூடிக்கொள்ளவில்லை.

என் தாத்தா 'வனமோகினி'யை மூன்று தரம் பார்த்தவர். பாட்டி உள்ளே போனதும் குரலைத் தாழ்த்திச் சொல்வார். பாட்டி வந்துவிட்டால், "அந்தக் காலத்துப் பக்திப் படம் மாதிரி வருமா?" என்று பேச்சை மாற்றிவிடுவார். தாத்தாவைப் போன்றவர்கள்தான் டிக்கெட்டும் வாங்கினார்கள், தவமணி தேவிக்குக் கெட்ட பேரும் வாங்கிக் கொடுத்தார்கள்.

1947-ல் 'ராஜகுமாரி'. எம்.ஜி.ஆர். முதன்முதலாகக் கதாநாயகனான படம் என்று இன்று அதற்குப் பெருமை. கதாநாயகி மாலதி, தவமணி தேவிக்கு மயக்க வருகிற ராணி வேஷம். தமக்கு வேண்டிய உடையைத் தாமே யோசித்துப் போட்டுக்கொள்வார் என்பார்கள். இந்தப் படத்தில் ரவிக்கையின் கழுத்து பெரிய பேச்சாயிற்று. பத்து வருஷத்தில் அகல்யையிலிருந்து மயக்குகிறவளுக்கு வந்தாயிற்று. அப்புறம் சினிமாவில் அவருக்கு அதிக இடமில்லை.

ராமேசுவரத்தில் கல்யாணம் செய்துகொண்டு அங்கேயே தங்கிவிட்டார். 2001-ல் காலமானார். வந்த வழியில் பாதி தூரம் திரும்பிப் போனார் என்று சொல்லலாம்.

நான் பள்ளிக்கூடத்தில் படிக்கும்போது, தாத்தா எங்களையெல்லாம் ராமேசுவரத்துக்கு அழைத்துப் போனார். இருபத்திரண்டு தீர்த்தத்திலும் நனைந்தோம். சங்குக் கடையில் பேரம் பேசினோம். அந்த ஊரில்தான் அவர் இருக்கிறார் என்று எங்களில் யாருக்கும் தெரியாது. தாத்தாவுக்கும் தெரியாதென்றே இத்தனை நாள் நினைத்திருந்தேன். ஆனால் அன்று சாயங்காலம், "காலாற நடந்துவிட்டு வருகிறேன்" என்று தனியாகப் போனவர் வெகுநேரம் கழித்துத்தான் திரும்பினார். "எங்கே போனீர்கள்?" என்று பாட்டி கேட்டாள். "சும்மா, தெருவைப் பார்த்தேன்" என்றார்.